ஒரே ஒரு சஸ்பென்ஸ் நாவல் எடுப்பதென்றால் எதை எடுப்பது?

போன வருடம் அலுவலகத் தோழி ஒருவர் என்னிடம் நல்ல சஸ்பென்ஸ் நாவல் ஒன்று கேட்டார். "ஊருக்குப் போறேன், பத்து நாள் லீவு. கையில எடுத்தா கீழ வைக்க முடியாத மாதிரி ஒண்ணு குடுங்க." நான் அதிகம் யோசிக்கவில்லை. அலமாரியில் முன்வரிசையில் இருந்த ஸ்வீடன் நாவலை எடுத்துக் கொடுத்துவிட்டேன். உலகமே படித்த புத்தகம், இவருக்கும் பிடிக்கும் என்று நினைத்தேன்.

லீவு முடிந்து வந்ததும் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தார். அடையாளத்துக்குச் செருகியிருந்த பஸ் டிக்கெட் பாதிக்கு முன்பே நின்றிருந்தது. "நல்லாதான் எழுதியிருக்கார். என்னால முடியல" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து அந்தப் பக்கத்தைப் பிரித்துப் பார்த்தேன். நாவலின் நாயகி லிஸ்பெத் சாலண்டருக்கு அவளுடைய சட்டப் பாதுகாவலராக நியமிக்கப்பட்ட வக்கீல் இழைக்கும் கொடுமை வரும் இடம் அது. ஒரு வார்த்தை முன்கூட்டிச் சொல்லாமல் அந்தப் புத்தகத்தை ஒருவர் கையில் கொடுத்தது என் தவறு.

அதற்குப் பிறகு யார் கேட்டாலும் உடனே எடுத்து நீட்டுவதில்லை. ரத்தம் எவ்வளவு, திருப்பம் எத்தனை என்பதை வைத்து இந்த நாவல்களைப் பிரித்தால் எல்லாம் ஒன்றுபோலத்தான் தெரியும். நான் பிரிக்கும் முறை வேறு. இன்றைக்குப் பரவலாகப் படிக்கப்படும் சஸ்பென்ஸ் நாவல்களில் ஏறக்குறைய எல்லாவற்றிலும் ஒரு பழைய காயம் இருக்கிறது. காணாமல் போன பிள்ளை, இறந்துபோன மனைவி, விட்டு ஓடிவந்த கணவன். அந்தக் காயத்தை நாவல் என்ன செய்கிறது, ஆற்றுகிறதா, கிளறுகிறதா, மூடி வைக்கிறதா என்று பார்த்துவிட்டால் யாருக்கு எது என்பது ஓரளவு பிடிபட்டுவிடும். அந்த அளவுகோலோடு நாலு நாவல்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். முடிவுகளைச் சொல்லமாட்டேன், ஓரிடத்தைத் தவிர. அந்த ஓரிடத்தைச் சொல்லாமல் விட்டால்தான் வாசகருக்குத் துரோகம் என்று நினைக்கிறேன்.

தோழி பாதியில் வைத்த புத்தகத்திலிருந்தே தொடங்குகிறேன். ஸ்டீக் லார்சன் எழுதிய 'த கேர்ள் வித் த டிராகன் டாட்டூ'. ஸ்வீடனில் 2005-இல் வெளியானபோது அதன் தலைப்பு 'பெண்களை வெறுக்கும் ஆண்கள்' என்ற பொருளில் இருந்தது. ஆங்கிலத்துக்கு வரும்போது பச்சை குத்திய பெண்ணின் படத்தைப் போட்டுத் தலைப்பையும் மாற்றிவிட்டார்கள். எனக்கு இதில் வருத்தம் உண்டு. பழைய தலைப்பு நேர்மையான தலைப்பு. உள்ளே என்ன இருக்கிறது என்பதை அட்டையிலேயே சொல்லிவிடுகிறது. அதைப் பார்த்திருந்தால் என் தோழி இரண்டாவது பக்கத்திலேயே ஒரு கேள்வி கேட்டிருப்பார்.

கதை இது. 1966-இல் ஹேரியட் என்ற பதினாறு வயதுப் பெண் ஒரு தீவிலிருந்து மறைந்துபோகிறாள். அன்றைக்குத் தீவையும் கரையையும் இணைக்கும் ஒரே பாலத்தில் டேங்கர் லாரி விபத்து, யாரும் போகவோ வரவோ முடியாத நிலை. அப்படியிருந்தும் பெண்ணைக் காணோம். அவளைப் பெற்ற மகள்போல நேசித்த முதியவருக்கு அதற்குப் பிறகு ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் சட்டம் போட்ட உலர்ந்த பூ ஒன்று தபாலில் வருகிறது. யார் அனுப்புகிறார்கள் என்று தெரியாது. ஏறக்குறைய நாற்பது வருடம் கழித்து மிகேல் பிளொம்க்விஸ்ட் என்ற பத்திரிகையாளரிடம் இந்த வழக்கு வருகிறது.

இங்கே பழைய காயம் ஒரு ஆவணக் காப்பகம். பிளொம்க்விஸ்ட் துப்பாக்கி எடுப்பவர் இல்லை, பழைய புகைப்படங்களை எடுப்பவர். ஹேரியட் மறைந்த அன்று ஊரில் நடந்த ஊர்வலத்தில் எடுத்த படங்களை வரிசையாக வைத்துப் பார்த்து, அந்தப் பெண் எதையோ பார்த்து முகம் மாறுவதைக் கண்டுபிடித்து, அவள் பார்த்தது என்ன என்று எதிர்த்திசையில் நின்று படமெடுத்தவர்களைத் தேடிப் போகும் பகுதி இருக்கிறதே, பொறுமையை வைத்து விறுவிறுப்பை எழுப்ப முடியும் என்பதற்கு அதைவிட நல்ல உதாரணம் நான் படித்ததில்லை. ஆனால் அங்கே போய்ச் சேர்வதற்குள் நிதி மோசடி, அவதூறு வழக்கு, ஒரு பெரிய குடும்பத்தின் கிளைகள் என்று நூறு பக்கத்துக்கு மேல் கடக்க வேண்டும். ஹேரியட்டின் வங்கேர் குடும்பத்தில் யார் யாருக்கு என்ன உறவு என்று நான் தனித்தாளில் எழுதி வைத்துக்கொண்டுதான் படித்தேன்.

லார்சன் தீவிர வலதுசாரிக் குழுக்களை ஆராய்ந்து எழுதிய பத்திரிகையாளர். 'எக்ஸ்போ' என்ற இதழில் வேலை பார்த்தவர். 2004 நவம்பரில், நாவல் அச்சாகும் முன்பே, ஐம்பதாவது வயதில் மாரடைப்பால் இறந்துவிட்டார். முப்பது ஆண்டுகளுக்கும் மேல் அவரோடு வாழ்ந்த துணைவிக்கு, சட்டப்படி திருமணம் ஆகாததாலும் செல்லுபடியாகும் உயில் இல்லாததாலும், சொத்தும் உரிமையும் போகவில்லை. பெண்களுக்கு நடக்கும் அநியாயத்தைப் பற்றி இவ்வளவு கோபத்தோடு எழுதியவர் வீட்டிலேயே இப்படி நடந்தது என்னை ரொம்ப நாள் உறுத்தியது.

கோபம்தான் இந்த நாவலின் பலம். கொடுமையை அது மறைத்துச் சொல்வதில்லை. லிஸ்பெத் திருப்பி அடிக்கும்போது பலருக்கு நெஞ்சு நிமிரும், சிலருக்கு முதலில் நடந்ததைத் தாண்டி அந்த இடம் வரைக்கும் போகவே முடியாது. இன்னொன்றும் சொல்ல வேண்டும். லிஸ்பெத்தின் சொந்தக் கடந்தகாலம் முதல் புத்தகத்தில் முழுசாக வராது. அதற்கு இரண்டாவது, மூன்றாவது பாகங்களையும் படிக்க வேண்டும். ஆக, இது ஒரு புத்தகம் என்று நினைத்து எடுத்தால் மூன்று புத்தகம்.

அடுத்தது கெய்கோ ஹிகாஷினோவின் 'த டிவோஷன் ஆஃப் சஸ்பெக்ட் எக்ஸ்'. ஜப்பானில் 2005-இல் வெளிவந்து நவோகி பரிசு பெற்றது. நாலில் சின்னது, மொழியும் எளிது. ஆங்கிலத்தில் நாவல் படித்துப் பழகாதவர்கள்கூட நாலைந்து நாளில் முடித்துவிடலாம்.

டோக்கியோவில் சாப்பாட்டுப் பெட்டிக் கடை ஒன்றில் வேலை பார்க்கும் யசுகோ, அவளுடைய பள்ளிப் பருவ மகள். விவாகரத்தான பழைய கணவன் எங்கே வீடு மாறினாலும் தேடி வந்து காசு கேட்டு மிரட்டுகிறான். ஒருநாள் வீட்டுக்குள்ளேயே வந்துவிடுகிறான். தாயும் மகளுமாக அவனைக் கொன்றுவிடுகிறார்கள். பக்கத்து வீட்டுக் கணித ஆசிரியர் இஷிகாமி சுவர் வழியாக எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கதவைத் தட்டுகிறார். நான் பார்த்துக்கொள்கிறேன் என்கிறார். இதெல்லாம் தொடக்கத்திலேயே நடந்துவிடுவதால் சொல்வதில் தப்பில்லை. கொலையாளி யார் என்ற கேள்விக்கே இங்கே இடமில்லை. இஷிகாமி என்ன செய்து வைத்திருக்கிறார் என்பதுதான் புதிர். அதை அவிழ்க்க வருபவர் அவருடைய கல்லூரிக்கால நண்பர், இயற்பியல் பேராசிரியர் யுகாவா. யாராலும் தீர்க்க முடியாத கணக்கைப் போடுவது கஷ்டமா, அந்தக் கணக்கைத் தீர்ப்பது கஷ்டமா என்று இருவருக்கும் நடுவில் ஒரு பேச்சு வரும். முழு நாவலும் அந்தப் பேச்சுக்குள் அடங்கிவிடும்.

கடந்தகாலம் இங்கே வாசலில் வந்து மணியடிக்கும் ஆள். காயத்தை ஆற்ற வேண்டும் என்ற யோசனைக்கே நேரம் இல்லை, இப்போதைக்குத் தப்பிக்க வேண்டும், அவ்வளவுதான். நம் ஊர்ப் பெண்கள் பலருக்கு யசுகோவை அறிமுகப்படுத்தவே வேண்டாம் என்று எனக்குத் தோன்றும். ஜப்பானில் 2008-இலும், கொரியாவில் 2012-இலும், சீனாவில் 2017-இலும், இந்தியில் 2023-இலும் இந்தக் கதை படமாகியிருக்கிறது. நாலு நாட்டிலும் பெயர்களை மாற்றினால் போதும் என்ற அளவுக்கு அந்த வாசல் மணி எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது.

இதில் எனக்கு ஒரு மனத்தாங்கல். இஷிகாமியைத் தியாகி என்று கொண்டாடுகிறவர்களோடு நான் ஒத்துப்போகமாட்டேன். கடைசியில் தெரியவரும் விஷயம் மூளைக்கு ஆச்சரியமாக இருக்கும். புத்தகத்தை மூடி ஒருமணி நேரம் கழித்து வேறொன்று உறைக்கும். அந்தக் கச்சிதமான கணக்குக்குள் யாருடைய உயிர் ஒரு எண்ணாக மாறியிருக்கிறது என்பது. ஆற்றங்கரையில் கூடாரம் போட்டு வாழ்பவர்களை இஷிகாமி தினமும் கடந்து போகும் முதல் அத்தியாயத்தை அப்போது திரும்பப் படியுங்கள். ஹிகாஷினோ அதை நமக்குக் காட்டிவிட்டுத்தான் கதையைத் தொடங்குகிறார்.

இவற்றோடு அமெரிக்காவிலிருந்து 2012-இல் வந்த 'கான் கேர்ள்', லண்டனிலிருந்து 2015-இல் வந்த 'த கேர்ள் ஆன் த ட்ரெயின்' இரண்டையும் சேர்க்கலாமே என்று கேட்பார்கள். இரண்டையும் ரசித்தேன். இரண்டாவதில், குடியில் நினைவு தப்பி, தான் செய்தது என்ன என்று தனக்கே தெரியாமல் தவிக்கும் ரேச்சலை மறக்க முடியாது. ஆனால் யார் பொய் சொல்கிறார்கள் என்பது தெரிந்த பிறகு அவற்றை நான் மறுபடி எடுக்கவில்லை. ஒரே ஒரு புத்தகம் என்று வரும்போது இரண்டாம் முறை படிக்கத் தோன்றுவதைத்தான் சொல்வேன்.

அப்படி நான் அதிகம் திரும்பிப் படித்தது 'இன் த வுட்ஸ்'. அயர்லாந்தில் வாழும் டானா ஃபிரெஞ்ச் எழுதிய முதல் நாவல், 2007-இல் வந்தது, சிறந்த முதல் நாவலுக்கான எட்கர் விருது பெற்றது. 1984 கோடையில் டப்ளினுக்கு வெளியே ஒரு குடியிருப்பில் மூன்று பிள்ளைகள் பக்கத்துக் காட்டுக்குள் விளையாடப் போகிறார்கள். இருட்டியும் திரும்பவில்லை. தேடிப் போனவர்களுக்கு ஒரு பையன் மட்டும் கிடைக்கிறான். மரத்தை இறுகக் கட்டிக்கொண்டு நிற்கிறான், காலணிக்குள் ரத்தம். என்ன நடந்தது என்பது அவனுக்கு ஞாபகமே இல்லை. இருபது வருடம் கழித்து அவன் ராப் ரையன் என்று பெயரையும், பேச்சுச் சாயலையும் மாற்றிக்கொண்டு கொலைவழக்குத் துப்பறிவாளனாகியிருக்கிறான். அதே இடத்தில் பன்னிரண்டு வயதுச் சிறுமியின் உடல் கிடைக்கிறது. வழக்கு அவனிடமும் அவனுடைய சகாவான கேஸியிடமும் வருகிறது. அவன் யார் என்பது கேஸிக்கு மட்டும் தெரியும்.

உடல் கிடைப்பது தொல்லியல் அகழாய்வு நடக்கும் இடத்தில். நெடுஞ்சாலை போடப்போகிறார்கள், அதற்குள் மண்ணுக்கடியில் இருப்பதை முடிந்தவரை எடுத்துவிட வேண்டும் என்று அவசர அவசரமாகத் தோண்டுகிறார்கள். ஃபிரெஞ்ச் நடிகையாக இருந்தவர், இடையில் அகழாய்வு ஒன்றில் வேலை பார்த்தபோதுதான் இந்தக் கதை மனதில் விழுந்தது. பொருளாதாரம் வீங்கிக்கொண்டிருந்த அந்தக் கால அயர்லாந்தில் பழையதன் மேல் தார் ஊற்றிக்கொண்டிருந்தார்கள். ராப் ரையனும் தன் பழையதன் மேல் அதைத்தான் செய்திருக்கிறான். இந்த இரண்டையும் ஃபிரெஞ்ச் எங்கேயும் விளக்கிச் சொல்வதில்லை, தோண்டும் மண்ணையும் மழையையும் மட்டும் எழுதிக்கொண்டே போகிறார்.

சரி, நான் சொல்வதாகச் சொன்ன அந்த ஓரிடம். சிறுமியின் கொலைக்கு விடை கிடைக்கும். 1984-இல் காட்டுக்குள் என்ன நடந்தது என்பதற்குக் கிடைக்காது. புத்தகம் முடிந்த பிறகும் கிடைக்காது.

இதைத் தெரியாமல் படித்துக் கடைசிப் பக்கத்தில் ஏமாந்து கோபப்பட்டவர்கள் ஏராளம். நம்மவர்களுக்கு அந்தக் கோபம் இன்னும் கூடுதலாக வரும், அதற்கு ஒரு காரணம் உண்டு. பஸ் ஸ்டாண்டு கடையில் கிளிப் மாட்டித் தொங்கிய மாத நாவல்களைப் படித்து வளர்ந்தவர்கள் நாம். ராஜேஷ்குமார் நாவல் என்றால் ஒரு அத்தியாயம் கோவையில், அடுத்த அத்தியாயம் சம்பந்தமே இல்லாத வேறு ஊரில், இரண்டு தடமும் மாறி மாறி ஓடிக் கடைசியில் ஒரு புள்ளியில் சேரும். சேர்ந்தே தீரும் என்ற நம்பிக்கையில்தான் பக்கத்தைத் திருப்புவோம். அந்தப் பழக்கத்தோடு 'இன் த வுட்ஸ்' படித்தால் 1984-ம் இன்றைய கொலையும் எங்கே சேரப்போகின்றன என்று கண் தேடிக்கொண்டே இருக்கும். இரண்டு தடமும் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகின்றன, தொடுவதுபோல் வருகின்றன, சேராமலே போய்விடுகின்றன.

எனக்கு இது குறையாகப் படவில்லை. பிள்ளையைத் தொலைத்த குடும்பங்களுக்கு நிஜத்தில் நடப்பது இதுதானே. வருடங்கள் போகும், வீட்டில் வேறு கல்யாணம், வேறு சாவு எல்லாம் நடக்கும், அந்த ஒரு கேள்வி மட்டும் அப்படியே இருக்கும். சஸ்பென்ஸ் நாவல் ஒன்று அந்த நிஜத்துக்கு இவ்வளவு உண்மையாக இருந்தது எனக்குப் பெரிய விஷயம். ஆனால் இதை முன்கூட்டித் தெரிந்துகொண்டு படித்தால்தான் அந்தப் பெருமை தெரியும். விடைக்காகக் காத்திருக்கும் பதற்றம் இல்லாததால் ராப் எப்படித் தன்னைத்தானே கெடுத்துக்கொள்கிறான், கேஸியோடு இருந்த அருமையான நட்பை எப்படிக் கைநழுவ விடுகிறான் என்பதை நிதானமாகப் பார்க்கலாம். மொழி மட்டும் கொஞ்சம் கடினம். நீண்ட வாக்கியங்கள், ஐரிஷ் பேச்சுவழக்கு. முதல் ஆங்கில நாவலாக இதை எடுக்க வேண்டாம்.

கடைசியாக, வயதில் மூத்தது. டாஃப்னி டு மாரியே 1938-இல் வெளியிட்ட 'ரெபெக்கா'. மான்டி கார்லோவில் பணக்காரப் பெண்மணி ஒருவருக்கு உதவியாளாக இருக்கும் கூச்ச சுபாவமுள்ள இளம்பெண், மனைவியை இழந்த மேக்சிம் டி விண்டரைச் சந்தித்து அவசரமாகக் கல்யாணம் செய்துகொள்கிறாள். இங்கிலாந்தின் கார்ன்வாலில் மேண்டர்லி என்ற அவருடைய பெரிய மாளிகைக்கு வருகிறாள். அங்கே செத்துப்போன முதல் மனைவி ரெபெக்காதான் எஜமானி. கதை சொல்லும் இவளுக்குக் கடைசிவரை பெயரே இல்லை. செத்தவளின் பெயர்தான் தலைப்பு.

முதல் பாதியில் ஒரு குற்றமும் நடப்பதில்லை. ஆனாலும் மூச்சு முட்டும். இரவல் வாங்கிப் போட்ட மழைக்கோட்டின் பையில் ஒரு கைக்குட்டை, அதில் ரெபெக்காவின் முதலெழுத்து. மேசையைத் திறந்தால் அவள் கையெழுத்தில் விருந்தினர் குறிப்பேடு. மேற்குப் பக்கத்து அறையில் அவள் படுக்கை, சீப்பு, இரவு உடை எல்லாம் நேற்றுத்தான் எழுந்து போனவள்போல. அவற்றைத் துடைத்துப் பாதுகாக்கும் வீட்டு நிர்வாகி மிஸஸ் டேன்வர்ஸ். மூத்தவள் இருந்த வீட்டுக்கு இரண்டாம் தாரமாகப் போன பெண்களின் கதை நம் குடும்பங்களில் இல்லாமலா? சமையலறை டப்பாவை இடம் மாற்றி வைத்தால்கூட "அவ இருந்தப்போ இங்கதான் இருக்கும்" என்று சொல்ல ஒரு ஆள் இருக்கும் வீடு. கார்ன்வால் மாளிகையைக் கண்ணால் பார்க்காத நமக்கு அந்த நாவல் ஒட்டிக்கொள்வது இதனால்தான்.

கணவர் ராணுவ அதிகாரியாக எகிப்தில் இருந்தபோது, கார்ன்வால் ஏக்கத்தோடு டு மாரியே இதை எழுதத் தொடங்கினார். கணவருக்கு முன்பு நிச்சயிக்கப்பட்டிருந்த பெண்ணின் மேல் இருந்த பொறாமைதான் கதைக்கு வித்து. 1940-இல் ஹிட்ச்காக் எடுத்த படம் சிறந்த படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. இந்தியில் 1964-இல் வஹீதா ரஹ்மான் நடித்த 'கோஹ்ரா' படமும் இந்தக் கதையிலிருந்து வந்ததுதான். ஹிட்ச்காக் படம் பார்த்தவர்கள் கதை தெரிந்துவிட்டது என்று விட்டுவிடாதீர்கள். அன்றைய அமெரிக்கத் திரைப்பட விதிகள் ஒரு முக்கியமான விஷயத்தை அனுமதிக்காததால் படத்தில் மாற்றிவிட்டார்கள். நாவலில் அந்த ஒரு வரி வரும்போது அதுவரை யாருக்காக இரக்கப்பட்டோம், ஏன் இரக்கப்பட்டோம் என்று கேட்க வைக்கும். முதல் முறை படித்தபோது பெயரில்லாத அந்தப் பெண்ணின் பக்கம் முழுசாக நின்றேன். பத்து வருடம் கழித்துப் படித்தபோது தன் தரப்பைச் சொல்ல வாய்ப்பே கிடைக்காத ரெபெக்காவைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

வர்ணனை அதிகம், தோட்டமும் பூக்களும் பக்கம் பக்கமாக வரும், வேகம் வேண்டும் என்பவர்களுக்கு முதல் நூறு பக்கம் சோதனை. ஆனால் கொடுமையை நேரில் காட்டும் காட்சிகள் இல்லை. பயம் முழுக்க வாசகரின் மனதில்தான் நடக்கிறது.

என் முடிவைச் சொல்கிறேன். வந்து கேட்பவரைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது, ஒரே புத்தகம்தான் கொடுக்க முடியும் என்றால் 'ரெபெக்கா' கொடுப்பேன். யாரையும் காயப்படுத்தாமல் நடுங்க வைக்கத் தெரிந்த நாவல் அது, வயது ஏற ஏற வேறு புத்தகமாக மாறவும் செய்கிறது. இரண்டு நாள் ரயில் பயணம், வேகமாக ஓட வேண்டும் என்றால் 'சஸ்பெக்ட் எக்ஸ்'. 'டிராகன் டாட்டூ' எனக்குப் பிடித்த நாவல்தான், ஆனால் உள்ளே பாலியல் வன்முறை விரிவாக வருகிறது என்று வாய்திறந்து சொல்லாமல் இனி யாருக்கும் கொடுக்கமாட்டேன். 'இன் த வுட்ஸ்' மற்ற மூன்றையும்விட உயர்ந்தது என்பது என் கருத்து, ஆனாலும் அதை முதலில் தருவதில்லை. ஒன்றிரண்டு நாவல்களில் விடை கிடைத்த திருப்தியை அனுபவித்த பிறகு அங்கே போக வேண்டும்.

தோழிக்கு அப்புறம் 'ரெபெக்கா' கொடுத்தேன். மூன்று வாரம் வைத்திருந்தார். திருப்பித் தரும்போது மிஸஸ் டேன்வர்ஸ் பற்றி மதியச் சாப்பாட்டு நேரம் முழுக்கப் பேசினார், அவர் ஊரில் ஒரு அத்தை அப்படியே இருப்பாராம். அடுத்து என்ன என்று அவரே கேட்டார். 'இன் த வுட்ஸ்' பற்றிச் சொல்லிவிட்டு, காட்டுக்குள் நடந்தது என்னவென்று கடைசிவரை தெரியாது என்பதையும் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்தார்.

"தெரியாதுன்னு தெரிஞ்சாச்சுல்ல, குடுங்க" என்றார்.